ஒலியால் வீழ்ந்தவரா? லார்ஸ் ஹான்சனின் நடிப்பு வாழ்வு: ஒரு மறுவாசிப்பு

மௌனப்பட நடிகர்களைப் பற்றி எழுதும்போது திரைப்பட வரலாறு பெரும்பாலும் ஒரே கதையைத்தான் சொல்கிறது. முகம் வாய்த்திருந்தது, புகழ் சேர்ந்தது, 1927க்குப் பின் ஒலி வந்தது, குரலோ உச்சரிப்போ பொருந்தவில்லை, நடிகர் காணாமற்போனார். சுவீடன் நடிகர் லார்ஸ் ஹான்சனை இந்தக் கதைக்குள் அடைப்பது எளிது. 1926 முதல் 1928 வரை வெளிவந்த ஹாலிவுட் படங்களில் லில்லியன் கிஷ்ஷுக்கும் கிரேட்டா கார்போவுக்கும் இணையாக நடித்தவர் அவர். அதன் பிறகு அமெரிக்கத் திரையில் அவரைக் காணவில்லை. எனவே ஒலிதான் அவரை வீழ்த்தியது என்று முடிவு கட்டிவிடுகிறார்கள்.

இந்த முடிவு தவறு என்பதே இக்கட்டுரையின் வாதம். ஹான்சன் குரல் இல்லாத நடிகர் அல்லர். குரலையே முதன்மைக் கருவியாகக் கொண்ட மேடையிலிருந்து வந்தவர், அதே மேடைக்குத் திரும்பி முப்பது ஆண்டுகள் கோலோச்சியவர். அதைவிட முக்கியமான ஒன்றும் உண்டு. மௌனப்படம் அவரைத் தேடிப் பிடித்துக் கொடுத்த வேடங்கள், பேச்சே செயலாக அமைந்த மனிதர்களின் வேடங்கள். போதகர், இறையியல் மாணவர், தன் வீட்டைச் சொல்லிச் சொல்லி உயிர்வாழும் போர்க்கைதி, ஒரு தகவலைச் சொன்னதால் நண்பனைக் கொன்றவன் என்று அவை நீள்கின்றன. ஒலியற்ற கலை ஏன் இந்த மனிதரிடம் திரும்பத் திரும்பப் பேசுபவர்களின் பாத்திரங்களை ஒப்படைத்தது என்று கேட்கத் தொடங்கினால் அவரது வாழ்வு வேறு வடிவம் கொள்கிறது.

முதலில் காலவரிசை. எம்.ஜி.எம். நிறுவனத்துக்காக ஹான்சன் நடித்த படங்களில் கடைசியாகத் திரைக்கு வந்தது 'தி விண்ட்'. 1928 நவம்பரில் வெளியானது. ஆனால் படப்பிடிப்பு நடந்தது 1927இல். அந்தப் படம் அமெரிக்கத் திரையரங்குகளை எட்டும் முன்பே அவர் ஐரோப்பாவுக்குத் திரும்பி, ஜெர்மனியின் ஊஃபா நிறுவனத்துக்காக யோ மே இயக்கிய 'ஹைம்கேர்' படத்தில் நடித்து, அதுவும் 1928 ஆகஸ்டில் வெளிவந்துவிட்டது. எம்.ஜி.எம். தனது முதல் முழுநீளப் பேசும்படமான 'தி பிராட்வே மெலடி'யை வெளியிட்டது 1929இல்தான். அதாவது, ஒலிவாங்கி அந்தப் படப்பிடிப்புத் தளத்துக்குள் நுழையும்போது ஹான்சன் அங்கே இல்லை. ஒலி அவருக்குப் பின்னால் ஒரு கதவைச் சாத்தியது என்று சொல்லலாம்; அவரை வெளியே தள்ளியது என்று சொல்ல முடியாது. வரலாற்றெழுத்தில் இந்த வேறுபாடு சிறியதன்று. ஒரு கலைஞரின் வாழ்வை அவரது தேர்வுகளால் விளக்குவதா, இயந்திரங்களின் வரவால் விளக்குவதா என்ற கேள்வி இதில் அடங்கியிருக்கிறது.

மேடையும் கோடைக்காலமும்

ஹான்சன் 1886 ஜூலை 26 அன்று கோதன்பர்க் நகரில் பிறந்தார். மேடையில் தேர்ந்த பிறகே, 1915இல், மாரிட்ஸ் ஸ்டில்லர் இயக்கிய 'டோல்கன்' மூலம் திரைக்கு வந்தார். அன்றைய சுவீடன் திரைத்தொழிலின் அமைப்பைப் புரிந்துகொள்ளாமல் இந்த வரிசையின் பொருள் விளங்காது. 1907இல் தொடங்கிய ஸ்வென்ஸ்கா பியோ நிறுவனம், சார்லஸ் மாக்னுசனின் தலைமையில் ஸ்டாக்ஹோமை ஒட்டிய லிடிங்கோவில் படப்பிடிப்புக் கூடம் அமைத்து, 1912இல் விக்டர் ஷோஸ்ட்ரோம், ஸ்டில்லர் ஆகிய இருவரையும் இயக்குநர்களாக அமர்த்தியது. இருவருமே மேடையிலிருந்து வந்தவர்கள். நடிகர்களையும் அவர்கள் மேடையிலிருந்தே எடுத்தார்கள். நாடக அரங்குகள் மூடியிருக்கும் கோடை மாதங்களில்தான் படப்பிடிப்பு மும்முரமாக நடக்கும். வடபுலத்தின் நீண்ட பகலொளியும் அப்போதுதான் கிடைக்கும். இலையுதிர்காலம் வந்தால் நடிகர் மேடைக்குத் திரும்பிவிடுவார்.

இந்தச் சுழற்சி நடிப்பின் தன்மையையே மாற்றியது என்பது என் கணிப்பு. திரையை மட்டும் நம்பி வாழ்ந்த நடிகர் படக்கருவிக்கு ஏற்ற சில பாவனைகளை வழக்கமாக்கிக்கொண்டு அவற்றையே திரும்பச் செய்வார். ஆண்டின் பெரும்பகுதியை இப்சனிலும் ஸ்ட்ரிண்ட்பெர்க்கிலும் கழித்தவருக்கோ, கோடையில் திரைக்கு வரும்போது, ஒரு வாக்கியத்தை முழுமையாக நினைத்து, முழுமையாகச் சொல்லிப் பழகிய உடல் இருக்கும். ஹான்சனின் படங்களில் இதைக் கண்ணால் காணலாம். உரையாடல் அட்டை வரும்வரை வெறுமனே வாயசைத்து நேரம் கடத்துபவர் அல்லர் அவர். பேச்சுக்கு முன் ஒரு மூச்சு நிற்கும்; சொல் பாதியில் முறிந்தால் தோளும் முறியும்; கேட்டுக்கொண்டிருக்கும்போதும் பதில் உள்ளே உருவாவது கண்களில் தெரியும்.

1916இல் வந்த 'சிறகுகள்' படத்தைப் பார்ப்போம். டென்மார்க் எழுத்தாளர் ஹெர்மன் பாங்கின் 'மிக்கேல்' நாவலைத் தழுவியது. சிற்பி ஒருவர் தம் மாதிரியாகவும் வளர்ப்பு மகனாகவும் ஏற்ற இளைஞன், ஓர் இளவரசியின் மோகத்தில் அவரை விட்டு விலகுகிறான். இளைஞன் ஹான்சன், சிற்பி எகில் ஐடே. கழுகும் சிறுவனுமாகக் கார்ல் மிலெஸ் வடித்த சிற்பமே படத்தின் மையப் படிமம். இதே நாவலை 1924இல் கார்ல் டிரையர் மீண்டும் படமாக்கினார். ஸ்டில்லரின் படம் சிதைந்த நிலையில்தான் மீண்டது என்பதால் முழு மதிப்பீடு செய்ய இடமில்லை. எஞ்சிய காட்சிகளில், நன்றி கொன்றவனை வில்லனாக்காமல் தன் விருப்பத்தின் வேகத்தில் யாரைக் காயப்படுத்துகிறோம் என்றே அறியாத இளைஞனாக ஹான்சன் நிறுத்தியிருப்பது மட்டும் தெளிவு.

அடுத்த ஆண்டு ஷோஸ்ட்ரோம் இயக்கத்தில், செல்மா லாகர்லெவின் கதையிலிருந்து 'சதுப்புநிலக் குடிசைப் பெண்' வந்தது. லாகர்லெவ் 1909இல் நோபல் பரிசு பெற்றிருந்தார். அவரது கதைகளே அன்றைய சுவீடன் திரைக்கு உலக மதிப்பைத் தேடித் தந்தன. ஹான்சன் இதில் குட்மண்ட் என்ற பண்ணை வாரிசு. குடித்துவிட்டு உறங்கி எழுந்தவன், முந்தைய இரவு நடந்த கைகலப்பில் ஒருவன் கத்தி முனை பாய்ந்து செத்தான் என்று கேள்விப்படுகிறான். தன் கத்தியைப் பார்க்கிறான், முனை முறிந்திருக்கிறது. நினைவில் எதுவும் இல்லை. செய்தேனா, செய்யவில்லையா என்று தனக்கே தெரியாதவனின் வாய் பூட்டப்பட்ட நிலையை அவர் மிகக் குறைந்த அசைவுகளில் காட்டுகிறார். சொல்லவேண்டியதைச் சொல்ல முடியாதவனுக்குள் நிகழும் போராட்டம் இங்கே தொடங்குகிறது. பத்தாண்டுகள் கழித்து அமெரிக்காவில் அதுவே அவரது முத்திரையாகும்.

1919இல் ஸ்டில்லரின் 'செந்நிற மலரின் பாடல்' அவரை நட்சத்திரமாக்கியது. பின்லாந்து எழுத்தாளர் யோஹான்னெஸ் லின்னன்கோஸ்கியின் நாவல் அது. ஆர்மாஸ் யார்னெஃபெல்ட் இதற்கென்றே இசை அமைத்தார். பெண்களை மயக்கி விட்டுச் செல்லும் செல்வந்த விவசாயியின் மகன் ஓலோஃப், வீட்டை விட்டு வெளியேறி, மரக்கட்டைகளை ஆற்றில் மிதக்கவிட்டு ஓட்டும் கூட்டத்தில் சேர்கிறான். பாய்ந்தோடும் நீரில் ஒற்றைக் கட்டையின் மேல் நின்று அவன் இறங்கிவரும் காட்சிக்காகவே இப்படத்தை நினைவுகூர்பவர்கள் உண்டு. அந்த வீரம் எனக்கும் பிடிக்கும். ஆனால் நடிகரின் அளவை அறிய வேண்டுமானால், பின்பகுதியில் நகரத்தில் விலைமகளாகிவிட்ட பழைய காதலியை ஓலோஃப் எதிர்பாராமல் சந்திக்கும் இடத்தைப் பார்க்கவேண்டும். ஆற்றில் நிமிர்ந்து நின்ற அதே உடல், இங்கே ஓர் அறைக்குள் தன் கைகளை எங்கே வைப்பது என்று தெரியாமல் தவிக்கிறது.

'சின்னோவ சூல்பாக்கன்', 'மீனவர் கிராமம்', 'எரோட்டிகான்' எல்லாம் 1919, 1920 ஆகிய இரண்டே ஆண்டுகளில் வந்தவை. கடைசிப் படம் நகர்ப்புற நகைச்சுவை. தோரா தேயே, ஆண்டெர்ஸ் டெ வால் ஆகியோரோடு ஹான்சன் இளம் சிற்பியாக நடித்தார். உடன் நடித்த கரின் மோலாண்டர் பின்னாளில் அவரது மனைவியானார். ஹான்சனால் இலகுவாகவும் நடிக்க முடியும் என்பதற்கு 'எரோட்டிகான்' சான்று. எனினும் என் வாதத்தின் பாதை வேறு பக்கம் போகிறது.

பிரசங்க மேடைகள்

'யோஸ்டா பெர்லிங்கின் கதை' 1924 மார்ச்சில் இரு பாகங்களாக வெளியானது. லாகர்லெவின் முதல் நாவல், ஸ்டில்லரின் இயக்கம், யூலியஸ் யென்சனின் ஒளிப்பதிவு. பதினெட்டு வயதுக் கார்போவை உலகம் கண்டுகொண்ட படம் என்றே இது பேசப்படுகிறது. படத்தின் அச்சாணி ஹான்சன். குடியால் பதவியிழந்த இளம் போதகர் யோஸ்டா, எக்கேபி பண்ணையில் அண்டி வாழும் வீரர் கூட்டத்தில் சேர்ந்து, தன் பேச்சாலும் அழகாலும் பெண்களின் வாழ்வைக் குலைத்துக்கொண்டே செல்கிறான். அப்பண்ணையை ஆளும் மேஜரின் மனைவியாக கெர்டா லுண்டெக்விஸ்ட் நடித்தார். அன்றைய சுவீடன் மேடையின் பேரரசி அவர்.

பிரசங்க மேடைக் காட்சியில் ஒரு கேள்வி எழுகிறது: ஒலி இல்லாத படத்தில் சொல்வன்மையைக் காட்டுவது எப்படி? அட்டையில் சில வரிகளை எழுதிக் காட்டலாம். அவை சொல்வன்மை ஆகா. ஸ்டில்லர் இதற்கு இரண்டு வழிகளை ஒருசேரக் கையாள்கிறார். ஒன்று, கேட்பவர்களின் முகங்கள். மற்றொன்று ஹான்சனின் உடல். குடிமயக்கத்தின் தளர்வில் தொடங்குபவர், பேசப் பேச நிமிர்கிறார். கைகளை வீசாமலே மேடையின் விளிம்பைப் பற்றியபடி முன்சாய்கிறார். சொற்கள் நம் காதில் விழவில்லை. ஆனால் ஒரு வாக்கியம் எங்கே எழுந்து எங்கே இறங்குகிறது என்பதை நம்மால் பின்தொடர முடிகிறது. குரலை நன்கு அறிந்த நடிகரால் மட்டுமே குரலின் வடிவத்தைக் குரல் இன்றி இப்படி வரைந்துகாட்ட இயலும். மேடைப் பயிற்சி மௌனப்பட நடிகருக்குச் சுமை என்று பழைய திறனாய்வாளர்கள் பலர் கருதினர். இந்தக் காட்சி அதற்கு நேர்மாறான சாட்சி.

ஹாலிவுட்டுக்கு அவர் அழைக்கப்பட்டதும் இப்படத்தால்தான். நத்தானியல் ஹாத்தோர்னின் 'தி ஸ்கார்லட் லெட்டர்' நாவலைப் படமாக்க எம்.ஜி.எம். நிறுவனத்தில் பிடிவாதமாக நின்றவர் லில்லியன் கிஷ். ஸ்டில்லரின் படத்தைப் பார்த்துவிட்டு, தனக்கு இணையாகப் போதகர் டிம்ஸ்டேல் வேடத்துக்கு ஹான்சனே வேண்டும் என்றார். இயக்கம், 1923இலேயே அமெரிக்கா சென்றிருந்த ஷோஸ்ட்ரோம். பியூரிட்டன் சமூகத்தின் இறுக்கத்தை அமெரிக்கரைவிட சுவீடன்காரர் நன்றாக உணர்வார் என்பது கிஷ்ஷின் எண்ணம். படம் 1926இல் வெளிவந்தது.

டிம்ஸ்டேலின் அவலம் பேச்சில் இருக்கிறது. ஊரார் முன்னிலையில் தண்டனை மேடையில் நிற்கும் ஹெஸ்டரிடம் (கிஷ்), குழந்தையின் தந்தை யாரென்று சொல்லும்படி கேட்கவேண்டிய கடமை அவர்மேல் விழுகிறது, தந்தை அவரேதான். ஒவ்வொரு சொல்லும் ஊருக்கு ஒன்றாகவும் அவளுக்கு வேறொன்றாகவும் ஒலிக்கவேண்டும். 'சொல்' என்று வாய் கேட்க, 'சொல்லாதே' என்றும் 'என்னை விடுவி' என்றும் கண்கள் மாறிமாறிக் கெஞ்சுகின்றன. படத்தின் நடுப்பகுதியில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு துன்புறும் நிலை சற்றுக் கூடுதலாகவே திரும்பத் திரும்ப வருகிறது. அங்கே நடிப்பு மெலிகிறது என்பதை மறைக்கவேண்டியதில்லை. ஆனால் கடைசிக் காட்சியில், அதே தண்டனை மேடையில் ஏறி, சட்டையைத் திறந்து, மார்பில் தானே சுட்டுக்கொண்ட எழுத்தை அவர் காட்டும்போது, படம் முழுதும் அடக்கிவைத்த வாக்குமூலம் உடலே வாயாகி வெளிவருகிறது.

இதன் பிறகு ஹாலிவுட் வழக்கம்போலத் தனக்குப் பலித்த அச்சில் அவரை வார்க்கத் தொடங்கியது. 1927இன் 'கேப்டன் சால்வேஷன்' படத்தில் கடலுக்கும் இறைப்பணிக்கும் இடையே தத்தளிக்கும் இளைஞர் வேடம். கிளாரன்ஸ் பிரவுனின் 'ஃப்ளெஷ் அண்ட் த டெவில்' மட்டும் வேறு திசை. கார்போவும் ஜான் கில்பர்ட்டும் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்ளும் தீவிரத்துக்காகப் புகழ்பெற்ற அப்படத்தில் ஹான்சன் மூன்றாமவர்: சிறுவயதில் இரத்தம் கலந்து சத்தியம் செய்துகொண்ட நண்பன் உல்ரிக். ஆழ்ந்து பார்த்தால் படம் உடைவதும் மீள்வதும் அந்த நட்பில்தான். அவரது அசையாத நம்பிக்கை இல்லாவிட்டால் கில்பர்ட்டின் குற்றவுணர்வுக்கு எடையே இருந்திருக்காது.

காற்றில் ஒரு குடிசை

ஹான்சன் திரையில் செய்தவற்றுள் தலைசிறந்தது 'தி விண்ட்' என்பேன். டாரத்தி ஸ்கார்பரோவின் 1925ஆம் ஆண்டு நாவல், பிரான்சிஸ் மரியனின் திரைக்கதை, ஷோஸ்ட்ரோமின் இயக்கம். கலிபோர்னியாவின் மொஹாவி பாலைவனத்தில், கொளுத்தும் வெயிலில், விமான இயந்திரங்களின் விசிறிகளால் மணலை வாரியிறைத்துப் படமாக்கினார்கள். வர்ஜீனியாவிலிருந்து மேற்கே வரும் லெட்டி, ஓயாத காற்றுக்கும் மணலுக்கும் நடுவே மனம் பேதலிக்கிறாள். வேறு புகலிடம் இல்லாமல் லைஜ் என்ற மாட்டுப்பண்ணைக்காரனை மணக்கிறாள்.

லைஜ் தொடக்கத்தில் சிரிப்பூட்டும் ஆள். தோழனோடு போட்டிபோட்டுக்கொண்டு லெட்டியிடம் திருமணப் பேச்சை எடுக்கும் முரடன். அந்த ஆளை ஹான்சன் எங்கே கொண்டுசேர்க்கிறார் என்பது முதலிரவுக் காட்சியில் வெளிப்படுகிறது. அவன் காபி கொண்டுவந்து கொடுக்கிறான். குடிக்கப் பிடிக்காமல் அவள் அதைத் தண்ணீர்க் கூசாவில் ஊற்றிவிடுகிறாள். பின்னர் அவன் அதைக் கண்டுகொள்கிறான். இரு அறைகளில் இருவர் கால்களும் தனித்தனியே உலாவுவதை ஷோஸ்ட்ரோம் மாற்றி மாற்றிக் காட்டுகிறார்: அவனது கனத்த பூட்சுகள், அவளது தடுமாறும் பாதங்கள். முகமே இல்லாமல் நடிப்பு நிகழ்கிறது. அவன் உள்ளே வந்து வலிந்து முத்தமிடுகிறான். அவள் வாயைத் துடைத்துக்கொள்கிறாள். அந்தத் துடைப்பைப் பார்க்கும் ஹான்சனின் முகத்தில் சினம் முதலில் வருகிறது, பிறகு அவமானம், பிறகுதான் புரிதல். அவசரப்படாமல் ஒன்றன்பின் ஒன்றாக அவை வருகின்றன. இனி உன்னைத் தொடமாட்டேன், நீ ஊர் திரும்பப் பணம் சம்பாதித்துத் தருகிறேன் என்று அவன் வாக்களிக்கிறான். எழுத்து அட்டை வருமுன்பே அவன் சொல்லப்போவது நமக்குத் தெரிந்துவிடுகிறது.

நாவலின் முடிவை மாற்றி, லெட்டியும் லைஜும் இணைந்து வாழ முடிவெடுப்பதாகப் படம் முடிகிறது. இந்த மாற்றத்தைக் குறைகூறாத திறனாய்வு குறைவு. ஆனால் ஹான்சன் லைஜை வளர்த்தெடுத்த விதத்தைக் கணக்கில் கொண்டால், அந்த முடிவு முற்றிலும் ஒட்டவைத்ததாகத் தோன்றவில்லை.

இங்கே மொழியைப் பற்றிச் சொல்லவேண்டும். 'தி ஸ்கார்லட் லெட்டர்' படப்பிடிப்பில் கிஷ் ஆங்கிலத்தில் பேச, ஹான்சன் சுவீடன் மொழியில் பதில் சொன்னார். எதிரில் நிற்பவரின் சொல் புரியாமலே இருவரும் அந்தக் காட்சிகளை நடித்தார்கள். மௌனப்படத்தில் மொழி இல்லை என்று நாம் எளிதாகச் சொல்லிவிடுகிறோம். படப்பிடிப்புத் தளத்தில் மொழி நிறையவே இருந்தது. ஒன்றுக்கு மேற்பட்ட மொழிகளும் இருந்தன. தன் தாய்மொழியில் நினைத்து, அதிலேயே பேசி, உலகம் முழுவதற்கும் நடிக்கும் உரிமையை அந்தக் கலை ஒரு சிறிய நாட்டின் நடிகருக்குக் கொடுத்தது. ஹான்சனின் அமெரிக்கப் படங்களில் நாம் பார்ப்பது சுவீடன் மொழி பேசும் முகத்தை. ஒலி பறித்தது அவரது குரலை அல்ல, இந்த உரிமையை.

ஷோஸ்ட்ரோம் இயக்கத்தில் கார்போவோடு அவர் நடித்த 'தி டிவைன் உமன்' தொலைந்துபோயிற்று. 1993இல் மாஸ்கோவின் ஆவணக் காப்பகத்தில் ஏறத்தாழ ஒன்பது நிமிடங்கள் ஓடும் ஒரே ஒரு சுருள் கிடைத்தது. பணிக்குத் திரும்பியாக வேண்டிய படைவீரனும் அவனை விட மனமில்லாத பெண்ணுமாக, அந்த நிமிடங்களில் ஹான்சனும் கார்போவும் மட்டுமே நிறைந்திருக்கிறார்கள். இருவரும் ஒரே மொழியைத் தாய்மொழியாகக் கொண்டவர்கள். அவர்களது நெருக்கத்தில் தெரியும் இயல்பான வேகம் இருவரின் மற்ற அமெரிக்கப் படங்களில் அரிது.

மாற்றிவைக்கப்பட்ட குரல்

ஐரோப்பாவுக்குத் திரும்பியதும் நடித்த இரண்டு படங்கள் இவ்வாதத்துக்கு மிகவும் தேவையானவை. லியோன்ஹார்ட் ஃபிராங்கின் கதையிலிருந்து வந்த 'ஹைம்கேர்' படத்தில் சைபீரியாவில் சிறைப்பட்ட இரு ஜெர்மானிய வீரர்கள். ரிச்சர்ட், தன் மனைவியையும் வீட்டின் ஒவ்வொரு பொருளையும் நண்பன் கார்லிடம் விவரித்துக்கொண்டே நாட்களைக் கடத்துகிறான். தப்பிச் சென்று முதலில் வீடு சேர்பவன் கார்ல்; பேச்சின் வழியே தான் ஏற்கெனவே குடியேறிவிட்ட வீட்டில் அவன் ரிச்சர்டின் மனைவியைக் காதலிக்கிறான். ரிச்சர்ட் வேடம் ஹான்சனுக்கு. சொன்ன சொல்லே சொன்னவனின் வாழ்வைப் பறித்த கதை.

அடுத்தது 1929இல் பிரிட்டனில் ஆர்தர் ராபிசன் இயக்கிய 'தி இன்ஃபார்மர்'. லியம் ஓஃப்ளாஹர்ட்டியின் டப்ளின் நாவல். நண்பனைக் காவல்துறையிடம் காட்டிக்கொடுக்கும் ஜிப்போ நோலனாக ஹான்சன்; உடன் லியா டெ புட்டி. மௌனப்படமாகவும், பின்பகுதியில் பேச்சு சேர்த்த படமாகவும் இரு வடிவங்களில் இது வெளிவந்தது. பேச்சு சேர்த்த வடிவத்தில் ஹான்சனின் வாயிலிருந்து வருவது வேறொருவரின் ஆங்கிலக் குரல். பிரிட்டிஷ் திரைப்படக் கழகம் 2016இல் மீட்டெடுத்துத் திரையிட்ட மௌன வடிவத்தையும் பேச்சு சேர்த்த வடிவத்தையும் அடுத்தடுத்துப் பார்ப்பவருக்கு இழப்பு உடனே விளங்கும். மௌன வடிவத்தில், காட்டிக்கொடுத்துவிட்டு வெளியே வரும் மனிதன் தன் வாயாலேயே சிதைந்தவன். மற்றதில், அவன் உடலுக்கு ஒவ்வாத ஒரு குரல் அவன்மேல் வந்து உட்கார்ந்திருக்கிறது. ஹான்சனின் வாழ்வில் ஒலி நேரடியாகச் செய்த கேடு இது ஒன்றே. அதுவும் ஹாலிவுட்டில் அன்று, பிரிட்டனில்.

அவரது நாட்டவரான மற்றவர்களின் கதை ஒப்பிடத்தக்கது. நில்ஸ் ஆஸ்தர் அமெரிக்காவில் தங்கிப் பேசும்படங்களில் உச்சரிப்போடு போராடினார். ஸ்டில்லர் 1928 நவம்பரில் ஸ்டாக்ஹோமில் இறந்தார். ஷோஸ்ட்ரோம் 1930இல் தாயகம் திரும்பினார். கார்போ 1930இல் யூஜின் ஓ'நீலின் 'அன்னா கிறிஸ்டி' படத்தில் பேசினார். சுவீடன் குடியேறியின் மகளாக வரும் அவ்வேடத்துக்கு அவரது உச்சரிப்பு பொருந்திற்று. நாடகாசிரியரின் பெயரை நினைவில் வைத்துக்கொள்ளவேண்டும். ஹான்சனின் வாழ்விலும் அது வரும்.

மீண்டும் மேடை

டிராமாட்டன் என்று ஸ்டாக்ஹோம் மக்கள் அழைக்கும் அரச நாடக அரங்கில் ஹான்சன் முன்னணி நடிகரானார். 1937இல் ஊலோஃப் மோலாண்டர் நெறியாள்கை செய்த ஸ்ட்ரிண்ட்பெர்க்கின் 'டமாஸ்கஸை நோக்கி' நாடகத்தில் பெயரற்ற நாயகனாக அவர் நடித்தது, சுவீடன் மேடையில் ஸ்ட்ரிண்ட்பெர்க்கைப் புதிதாக வாசித்த நிகழ்வுகளுள் ஒன்று. திரையையும் அவர் கைவிடவில்லை. கஸ்டாஃப் மோலாண்டரின் 'வெயில் பக்கம்' படத்தில் 1936இல் இளம் இங்ரிட் பெர்க்மனோடு நடித்தார். நாடு நடுநிலை காத்த போர்க்காலத்தில், 1944இல், நாஜிகளுக்கு அடிபணிய மறுக்கும் ஆஸ்திரிய எழுத்தாளராக ஹாசே எக்மனின் 'எக்ஸெலென்சன்' படத்தில் தோன்றினார். குரல் ஒத்துவராத நடிகரின் வரலாறு இப்படி அமையாது.

பிறகு ஏன் வீழ்ச்சிக் கதை நிலைத்தது? ஒரு காரணம், உலகத் திரைப்பட வரலாறு சுவீடன் மொழிப் பேசும்படங்களை இயக்குநர் இங்மார் பேர்க்மன் வரும்வரை ஏறெடுத்துப் பார்க்கவில்லை. வேறொரு காரணம் பொருள் சார்ந்தது. 1941 செப்டம்பர் 22 அன்று ஸ்டாக்ஹோமின் விண்டர்விக்கனில் ஸ்வென்ஸ்க் ஃபில்மிண்டுஸ்ட்ரி நிறுவனத்தின் நைட்ரேட் சுருள் கிடங்கு வெடித்தெரிந்தது. சுவீடன் மௌனப்படங்களின் மூலச் சுருள்களில் பெரும்பகுதி அங்கே அழிந்தது. தாயகப் படங்கள் சிதைந்தும் சுருங்கியும் கிடைக்க, ஹாலிவுட் படங்களே கைக்கெட்டியவையாக நின்றன. மூன்றாண்டுக்கால அமெரிக்க வாழ்வு ஐம்பதாண்டுக் கலைவாழ்வின் அளவுகோலாகிவிட்டது. மேடை நடிப்போ தன்னளவில் எதையும் விட்டுவைக்காத கலை. அதனால் திரை வரலாற்றாசிரியர் 1929இல் பேனாவை வைத்துவிடுகிறார். நாடக வரலாற்றாசிரியர் அதற்குப் பிந்திய ஆண்டுகளில் எழுதத் தொடங்குகிறார். இருவர் எழுதுவதும் ஒரே மனிதரைப் பற்றி.

1956 பிப்ரவரி 10 அன்று டிராமாட்டனில் ஓ'நீலின் 'இரவை நோக்கிய நெடும்பகல் பயணம்' உலகிலேயே முதன்முறையாக மேடையேறியது. ஆசிரியர் 1953இல் இறந்திருந்தார். அமெரிக்காவில் அரங்கேறும் முன் நாடகம் சுவீடன் மொழியில் உயிர்பெற்றதற்குக் காரணம், அவரது மனைவி கார்லோட்டா அதை அரங்கின் தலைவர் கார்ல் ராக்னர் யீரோவிடம் ஒப்படைத்ததுதான். நெறியாள்கை பெங்க்ட் எக்கெரோட். தாயாக இங்கா டீட்பிளாட், மகன்களாக ஊல்ஃப் பால்மே, யார்ல் கூல்லே. தந்தை ஜேம்ஸ் டைரோன், அறுபத்தொன்பது வயது லார்ஸ் ஹான்சன்.

டைரோன் ஒரு நடிகர். பணம் கொழித்த ஒரே வேடத்தை ஆண்டுக்கணக்கில் திரும்பத் திரும்ப ஆடித் தன் திறனை வீணடித்தவர். ஓ'நீல் அவரைத் தம் தந்தை ஜேம்ஸ் ஓ'நீலை வைத்துப் படைத்தார். 'மாண்டி கிறிஸ்டோ' நாயகனாகவே வாழ்வைக் கழித்த அந்த நடிகர் 1913இல் வெளிவந்த அதன் மௌனப்பட வடிவிலும் நடித்தவர். நான்காம் அங்கத்தில், இரவு முதிர்ந்த வேளையில், டைரோன் இளைய மகனிடம் பேசுகிறார்: ஷேக்ஸ்பியர் நடிகனாகத் தான் ஒளிவிட்ட காலம், மாபெரும் நடிகர் எட்வின் பூத் தன் ஒத்தெல்லோவைப் புகழ்ந்த நாள், பணத்துக்காக எல்லாவற்றையும் விட்டுக்கொடுத்தது. நீண்ட வாக்குமூலம் அது. ஊர் முன் மார்பைத் திறந்துகாட்டிய டிம்ஸ்டேலுக்கு அன்று சொல் கிடைக்கவில்லை. டைரோனுக்குச் சொல் மட்டுமே மிஞ்சியிருக்கிறது. இரண்டையும் நடித்தவர் ஒருவரே. டைரோன் விட்டுக்கொடுத்ததை ஹான்சன் விட்டுக்கொடுக்கவில்லை. போதகர் அச்சில் தம்மை வார்க்கத் தொடங்கியிருந்த ஊரிலிருந்து 1928இலேயே அவர் கிளம்பிவிட்டார். 1965 ஏப்ரல் 8 அன்று ஸ்டாக்ஹோமில் இறக்கும்போது அவரது கலைவாழ்வின் பெரும்பகுதி மேடையில், தம் சொந்த மொழியில், தம் சொந்தக் குரலில் கழிந்திருந்தது.